வாமதேவனின் நூற்றுப்பத்தொன்பது விக்கெற்றுகள்

1956 மே 19 — 7 பவுண் 4 சிலிங் 2 பென்ஸ்
1956 யூன் 16 — 9 பவுண் 11 சிலிங்
1956 யூலை 28 — 5 பவுண் 17 சிலிங் 9 பென்ஸ்
1957 மே 25 — 12 பவுண் 6 பென்ஸ்
1957 யூலை 13 — 6 பவுண் 3 சிலிங் 1 பென்ஸ், ஒரு பித்தளைப் பொத்தான்
1957 ஓகஸ்ட் 10 — 14 பவுண் 8 சிலிங் 5 பென்ஸ்

இது ஒரு கடிதம். இந்த ஆறு வரிகளைத் தவிர அதில் வேறொரு சொல்லும் இல்லை. வணக்கம் இல்லை, கையொப்பம் இல்லை. உறையின் பின்புறத்தில் மட்டும் அனுப்புநர் முகவரி இருந்தது. இதை ஆங்கிலத்தில் எழுதி விம்பிள்டன் தபாற்கந்தோரில் பதிவுத் தபாலில் சேர்த்தவன் நான். இப்படி மொட்டையாக எழுதச் சொன்னவர் மோர்டனில் இருக்கும் என் நண்பர் அம்பலவாணர் வாமதேவன்.

வாமதேவன் சம்பளத்துக்குப் பந்து வீசியவர். 1951 முதல் 1955 வரை கொழும்பில் ஒரு வங்கியின் கிரிக்கெற் அணியில் அவர் வீசினார். அதே அணிக்கு நான் புள்ளி எழுதினேன். வேகம் அதிகம் இல்லை. ஆனால் பந்து தரையில் பட்டதும் வலக்கைக்காரரின் விலாவுக்குள் வெட்டித் திரும்பும். அந்த வெட்டில் மூன்று முறை ஆட்டமிழந்த ஒரு இறப்பர் கம்பனித் துரை, இங்கிலாந்தின் வடக்கே ஹெதர்ஷோ என்ற பஞ்சாலை ஊரிலுள்ள தன் பழைய கழகத்துக்கு எழுதினான். அந்தப் பக்கத்துக் கழகங்களின் அணிகளில் பத்துப் பேர் ஆலைத் தொழிலாளர். ஒருவர் மட்டும் கூலிக்கு அமர்த்தப்பட்ட ஆட்டக்காரர். 1956 ஏப்ரலில் வாமதேவன் அந்த ஒருவராகப் போனார்.

சனிக்கிழமை ஆட்டம். மற்ற நாள்களில் ஆடுகளத்துக்கு உருளை இழுப்பதும், ஊர்ப் பிள்ளைகளுக்குப் பழக்குவதும் அவர் வேலை. முதல் இரண்டு ஆட்டங்களிலும் ஒரு விக்கெற்கூட விழவில்லை. நனைந்த பந்து கையில் நிற்கவில்லை. பிறகு காற்சட்டைப் பையில் மரத்தூள் வைத்திருந்து, ஒவ்வொரு பந்துக்கும் முன் விரலை அதில் தேய்க்கப் பழகினார். அந்தக் கோடையில் அறுபத்தொரு விக்கெற். மறு கோடையில் ஐம்பத்தெட்டு. ஒவ்வொரு ஞாயிறும் எனக்கு நீலநிற வான்கடிதம் போடுவார். அவற்றிலுள்ள கணக்குகளை நான் ஒரு கொப்பியில் பதிந்தேன். கொப்பி இன்னும் என்னிடம் இருக்கிறது.

அந்த ஊரில் ஒரு வழக்கம் உண்டு. ஒருவர் ஒரே ஆட்டத்தில் ஆறு விக்கெற் எடுத்தால், மைதானத்தைச் சுற்றி ஒரு மரப்பெட்டி போகும். பார்க்க வந்தவர்கள் சில்லறை போடுவார்கள். பொருளாளர் அதை எண்ணி, தன் புத்தகத்தில் எழுதி, எடுத்தவரிடம் கையெழுத்து வாங்கிக் கொடுப்பார். வாமதேவனுக்காகப் பெட்டி ஆறு முறை போயிற்று. மேலே உள்ளவை அந்த ஆறும்தான்.

1957 ஓகஸ்ட் 24இல் அவருடைய வலது தோளின் தசை கிழிந்தது. ஹெதர்ஷோ வேறொருவரை அமர்த்தியது. வாமதேவன் லண்டனுக்கு வந்து தபால் பிரிக்கும் நிலையத்தில் முப்பத்தொரு வருடங்கள் வேலை செய்தார். அங்கே யாருக்கும் தான் பந்து வீசியவர் என்று சொன்னதில்லை. வலக்கையைத் தோளுக்கு மேல் உயர்த்த முடியாததால் கீழ்த் தட்டுகளையே கேட்டு வாங்கிக்கொண்டார்.

2006 யூனில், ஹெதர்ஷோவும் அயலூர்க் கழகங்களும் ஆடிய லீக்கின் ஆட்டக்காரர் எல்லோருடைய புள்ளிகளும் அடங்கிய புத்தகமொன்று வெளியாயிற்று. தபாலில் எடுப்பித்தேன். அதில் வாமதேவனைத் தேடினேன்: 1956, அறுபத்தொரு விக்கெற். அவ்வளவுதான். பிழை என்று நினைத்து முன்னே புரட்டியபோது இன்னொருவர் இருந்தார். அம்பலவாணர், வி.; 1957, ஐம்பத்தெட்டு விக்கெற். பக்கத்தில் சிறிய எழுத்தில் ஒரு குறிப்பு: ஏ. வாமதேவனின் சகோதரராக இருக்கலாம்.

புத்தகத்தை மோர்டனுக்குக் கொண்டுபோனேன். வாமதேவன் மூக்குக்கண்ணாடியைத் துடைத்துப் போட்டு இரண்டு பக்கங்களையும் வாசித்தார்.

"ஐசே, என்ர தம்பியும் சோக்காத்தான் போட்டிருக்கிறான்" என்றார்.

அவருடைய மனைவி சந்திரவதனா தேத்தண்ணியோடு வந்தவர் எட்டிப் பார்த்தார். "அப்ப நான் ஆரைக் கட்டினனான் அண்ணை? அறுபத்தொண்டையோ, ஐம்பத்தெட்டையோ?"

"எப்படி நடந்தது இது?" என்று கேட்டேன்.

வாமதேவனுக்கு உடனே விளங்கிவிட்டது. "ரெண்டாம் வருசம் புதுச் செயலாளர் ஒருத்தர் வந்தவர். நல்ல மனுசன். உம்மட தகப்பனாற்ர பேர் என்னெண்டு கேட்டார். அம்பலவாணர் எண்டன். ஐயையோ, இவ்வளவு காலமும் உம்மைப் பிழையான பேரிலயெல்லோ கூப்பிட்டிருக்கிறம் எண்டு சொல்லி மாத்திப்போட்டார். பேப்பரிலயும் அப்பிடியே வந்தது. நான் அதைப் பெரிசா எடுக்கேல்லை. அப்பரின்ர பேர்தானே."

ஸ்டேசன் மாஸ்டராக இருந்த அந்த அப்பர், மகன் பந்து வீசியதை ஒருநாளும் பார்த்ததில்லை. வங்கியில் பார்த்த கிளார்க் வேலையை விட்டுவிட்டுப் போனதற்காக இரண்டு வருடம் கடிதமும் போடவில்லை. அவருடைய கணக்கில் ஐம்பத்தெட்டு விக்கெற் ஏறியிருந்தது.

இவ்வளவோடு நின்றிருந்தால் சிரித்துவிட்டுப் போயிருக்கலாம். ஆனால் ஹெதர்ஷோ மண்டபச் சுவரில் ஒரு பலகை உண்டு. கழகத்துக்காக நூறு விக்கெற் எடுத்தவர்களின் பெயர்கள் அதில் பொன்னெழுத்தில் இருக்கும். அடுத்த வருடம் கழகத்தின் நூற்றாண்டு என்றும், அந்தப் பலகையை இந்தப் புத்தகத்தின்படி புதிதாக எழுதப் போகிறார்கள் என்றும் முன்னுரையில் சொல்லியிருந்தது. அறுபத்தொன்றுக்கும் இடமில்லை, ஐம்பத்தெட்டுக்கும் இடமில்லை.

வாமதேவன் புத்தகத்தை மூடவில்லை. "ஐசே, தபால் பிரிச்சது பெரிய வேலையில்லை. நான் இல்லாட்டில் இன்னொருத்தன் பிரிச்சிருப்பான். இந்த ரெண்டு வருசமும் என்ர கைக்காக ஒரு ஊர் என்னைக் கூப்பிட்டு வைச்சிருந்தது. அதில என்ர பேர் இருக்க வேணும். வேறொண்டும் எனக்குத் தேவையில்லை."

அவருக்கு அப்போது எழுபத்தைந்து வயது. இதற்கு முன் அவர் என்னிடம் எதையும் கேட்டதில்லை.

கழகத்துக்கு எழுதினோம். செப்ரெம்பரில் செயலாளரிடமிருந்து மரியாதையான பதில் வந்தது. 1971இல் பழைய மண்டபம் எரிந்தபோது பழைய பலகையும் படங்களும் புள்ளிப் புத்தகங்களும் போய்விட்டன. லீக்கின் புத்தகம் பழைய பத்திரிகைகளைப் பார்த்துத் தொகுத்தது. இருவரும் ஒருவரே என்று அவரை அறிந்த ஒரு பொறுப்பான அமைப்பு உறுதிப்படுத்தினால் குழு பரிசீலிக்கும். பெப்ரவரி முடிவதற்குள் வேண்டும்.

பொறுப்பான அமைப்பு என்றதும் எங்கள் கல்லூரியின் பழைய மாணவர் சங்கம் நினைவுக்கு வந்ததுதான் நாங்கள் செய்த தவறு. அதன் தலைவர் பாஸ்கரன். ஜேர்மனியில் பன்னிரண்டு வருடம் இருந்துவிட்டு வந்து ஈஸ்ட் ஹாமில் இரண்டு கடை நடத்துகிறவர். நான் ஒரு பக்கத்தில் ஒன்பது வரி எழுதிக் கொண்டுபோனேன். பிறந்த திகதி, கப்பலின் பெயர், இரு வருடங்களின் விக்கெற், பெயர் மாறிய காரணம். கையெழுத்து மட்டும் போதும்.

பாஸ்கரன் அதைக் கையில் பிடித்த விதமே எனக்குப் பிடிக்கவில்லை.

"அண்ணை, இது காய்ஞ்சு போய்க் கிடக்கு. வெள்ளைக்காரனுக்கு இப்பிடி எழுதினால் எடுபடுமே?"

"அவர்கள் கேட்டது இவ்வளவுதான். கையெழுத்தைப் போடும்."

"நீங்கள் ஏன் அவசரப்படுறியள்? வாமண்ணை எங்கட சொத்தல்லோ. நான் வடிவா ரைப் பண்ணி, சங்கத்தின்ர சீலும் குத்தி அனுப்பிவிடுறன்."

"மாற்றாமல் அனுப்பும்."

"ஓம் ஓம். ஒரு புள்ளியும் மாறாது."

நானே நின்று கையெழுத்து வாங்கியிருக்க வேண்டும். அவர் கடைக்குள் ஆள் வந்தது. நான் வெளியே வந்துவிட்டேன்.

கடிதம் 2007 பெப்ரவரி 20ஆம் திகதி போனது. மார்ச் 9ஆம் திகதி ஹெதர்ஷோவிலிருந்து பதில் வந்தது. சங்கத்தின் கடிதத்தின் பிரதியையும் வைத்திருந்தார்கள். ஒரு பக்கக் கடிதம். அதில் பதினொரு பொய்களை எண்ணினேன். வாமதேவன் இலங்கை அணிக்குத் தலைமை தாங்கினார் என்றது. இலங்கை அணி விளையாடிய மைதானத்துக்கு அவர் ரிக்கற் வாங்கித்தான் போயிருக்கிறார். உலகப் புகழ்பெற்ற துடுப்பாட்ட வீரர்களை நடுங்க வைத்தார் என்றது. விக்கெற்றுகள் இருநூற்றுப்பத்தொன்பது என்றது. எல்லாவற்றுக்கும் மேலாகக் கடைசி வரி: அம்பலவாணர் குடும்பம் இங்கிலாந்துக் கிரிக்கெற்றுக்கு அளித்த வீரர்களையிட்டு எங்கள் சமூகமே பெருமைப்படுகிறது. நான் எழுதிக் கொடுத்த ஒன்பது வரிகளில் பிறந்த திகதி மட்டும் மிஞ்சியிருந்தது. பெயர் மாறிய காரணத்தை எடுத்துவிட்டிருந்தார். தகப்பன் பெயரைப் பற்றி வெள்ளையருக்கு விளக்கம் சொல்வது மரியாதைக் குறைவாம்.

கழகத்தின் பதில் இரண்டு பந்தி. தரப்பட்ட எண்கள் எந்தப் பதிவோடும் பொருந்தாததால் குழுவால் மேற்கொண்டு எதுவும் செய்ய இயலவில்லை. பலகை எழுத்தாளரிடம் போய்விட்டது. சகோதரர் இருவருக்கும் கழகத்தின் அன்பான வாழ்த்துகள்.

"இருவருக்கும்" என்று வாமதேவன் ஒருமுறை சொன்னார். சந்திரவதனா கடிதத்தை வாங்கி மடித்து அலமாரிக்குள் வைத்தார். அன்று யாரும் பகிடி விடவில்லை.

எங்கள் ஆட்களின் இந்த வியாதியை நான் நெடுங்காலம் பார்த்திருக்கிறேன். ஒரு மனிதர் உண்மையில் செய்ததை இவர்கள் ஒருபோதும் போதுமென்று எடுப்பதில்லை. நன்றாகப் படிப்பித்த ஆசிரியரைப் பேராசிரியர் ஆக்குவார்கள். கந்தோரில் நேர்மையாக இருந்தவரை அமைச்சரின் வலது கை ஆக்குவார்கள். செத்த வீட்டில் அச்சடிக்கிற நினைவு மலரைப் பாருங்கள். அதிலுள்ள மனிதரை அவருடைய பிள்ளைகளுக்கே அடையாளம் தெரியாது. இதை அன்பு என்கிறார்கள். எனக்கு இது அருவருப்பாக இருக்கிறது. நூற்றுப்பத்தொன்பதோடு ஒரு நூறைக் கூட்டுகிறவன், அந்த நூற்றுப்பத்தொன்பதையும் சேர்த்தே அழிக்கிறான்.

இன்னும் இருந்தது. மார்ச் 31ஆம் திகதி, சனிக்கிழமை பின்னேரம், ஈஸ்ட் ஹாமில் ஒரு மண்டபத்தில் சங்கத்தின் ஆண்டு விழா. வாமதேவனுக்குக் கௌரவம். போகவேண்டாம் என்றேன்.

"போறன் ஐசே. எனக்கு அங்கை ஒரு வேலை இருக்கு" என்றார்.

மூன்று மணி என்று அழைப்பிதழில் இருந்தது. நான்கு ஐம்பதுக்குத் தொடங்கினார்கள். ஒலிபெருக்கி ஊளையிட்டது. வாசலில் மட்டன் றோல் வைத்த தட்டிலிருந்து எண்ணெய் வடிந்து, அடுக்கியிருந்த விழா மலர்களின் அட்டையை நனைத்தது. ஒருவரும் அதைத் துடைக்கவில்லை. பாஸ்கரன் மேடையில் தன் கடிதத்தை அப்படியே தமிழில் முழங்கினார். இருநூற்றுப்பத்தொன்பது என்றபோது விசிலடித்தார்கள். பொன்னாடையைப் போர்த்தினார்கள், அதில் விலைச் சீட்டு தொங்கியது. பிறகு ஒரு கேடயம். அதிலும் 219.

வாமதேவன் ஒலிவாங்கியை இடக்கையால் பிடித்தார்.

"நூற்றுப்பத்தொன்பது" என்றார். "இருநூற்றுப்பத்தொன்பது இல்லை. நான் கப்டனும் இல்லை. எனக்குக் கிரிக்கெற் விளையாடின தம்பியும் இல்லை."

சபை சிரித்தது. பிறகு கைதட்டியது.

பாஸ்கரன் மற்ற ஒலிவாங்கியில் கத்தினார்: "பாருங்கோ, பெரிய மனுசரின்ர அடக்கத்தை!"

"அடக்கம் இல்லையடாப்பா. கணக்கு."

இன்னும் பலமாகத் தட்டினார்கள். முன்வரிசையில் இருந்த ஒரு அம்மா கண்ணைத் துடைத்தார். வாமதேவன் மூன்றாம் முறையும் வாயைத் திறந்தார். அதற்குள் அடுத்த நிகழ்ச்சியின் இசைத்தட்டைப் போட்டுவிட்டார்கள். வேலை இருக்கிறது என்று சொல்லி வந்த மனிதர், அதை எல்லோர் முன்னிலையிலும் நான்கு வசனத்தில் செய்து முடித்தார். ஒரு காதிலும் அது ஏறவில்லை.

டிஸ்றிக்ற் லைன் ரயிலில் திரும்பி வந்தோம். ஏர்ள்ஸ் கோர்ட்டில் விம்பிள்டன் வண்டிக்கு மாறும்போது வாமதேவன் கேடயத்தை வேண்டுமென்றே இருக்கையில் விட்டுவிட்டு இறங்கினார். ஒரு வெள்ளைக்காரப் பையன் கதவு பூட்டுவதற்குள் பாய்ந்து வந்து, "சேர், இதை மறந்துவிட்டீர்கள்" என்று கையில் கொடுத்துவிட்டுப் போனான். வாமதேவன் அவனுக்கு நன்றி சொன்னார்.

"பாரும் ஐசே, பொய்யைத் துலைக்கக்கூட ஏலாமல் கிடக்கு."

புட்னி பாலத்தைத் தாண்டும்போது திடீரென்று கேட்டார்: "பெட்டிக் காசு எவ்வளவு எவ்வளவெண்டு நான் உமக்கு எழுதினனானல்லோ. அது கொப்பியில இருக்கோ?"

"இருக்கிறது. ஆறும் இருக்கிறது. பொத்தான்கூட இருக்கிறது."

அவர் வாய்விட்டுச் சிரித்தார். மேடையில் வராத சிரிப்பு. 1957 யூலை 13இல் யாரோ பெட்டிக்குள் ஒரு பித்தளைப் பொத்தானைப் போட்டிருந்தான். பொருளாளர் அதையும் எழுதிக்கொண்டு, பொத்தானையும் எண்ணிக் கொடுத்தாராம்.

"அந்தப் பொருளாளர் என்னட்டை என்ன கேட்டவர் தெரியுமோ? இங்கிலீசில வேண்டாம், உம்மட பாசையில கையெழுத்துப் போடும், பாக்க ஆசையா இருக்கெண்டவர். ரெண்டு வருசமும் தமிழிலதான் போட்டனான். செயலாளர் பேரை மாத்தினார். நான் கையெழுத்தை மாத்தேல்லை."

"அந்தப் புத்தகம் எரிந்திருக்குமே."

"மண்டபத்தில வைச்சிருந்தால் எரிஞ்சிருக்கும். அந்த மனுசன் அதை வீட்டை கொண்டுபோறவர். பெட்டியைக்கூட ஒருத்தரையும் நம்பி விடமாட்டார்."

நான் நீண்ட கடிதமொன்று எழுதத் தொடங்கினேன். அவர் தடுத்தார். "ஒரு சொல்லும் எழுதாதையும். எங்கட சொல்லை இனி ஆர் நம்புவினம்? நாளும் தொகையும் மட்டும் அனுப்பும். புத்தகம் இருந்தால் அது கதைக்கும்."

ஏப்ரல் 2ஆம் திகதி அப்படியே அனுப்பினேன்.

பத்து வாரங்களுக்கு ஒன்றுமில்லை. ஏப்ரலில் பலகை மாட்டப்பட்டதைக் கழகத்தின் இணையத்தளத்தில் பார்த்தோம். இருபத்திரண்டு பெயர். யூன் 14ஆம் திகதி ஹெதர்ஷோவிலிருந்து பியற்றிஸ் என்ற அம்மையார் எழுதினார். பொருளாளரின் மகள், வயது எழுபத்திரண்டு. உங்கள் பட்டியலைச் செயலாளர் என்னிடம் தந்தார், அப்பாவின் பெட்டிப் புத்தகம் என் மேல்மாடியில் இருக்கிறது என்று தொடங்கிய கடிதம் அது. ஆறு தொகையும் பென்ஸ் கணக்குவரை ஒத்துப்போவதாக எழுதியிருந்தார். புத்தகத்திலும் பொத்தான் என்று எழுதியிருந்ததைப் பார்த்தபோது படியில் உட்கார்ந்துவிட்டாராம். முதல் மூன்றுக்கு ஒரு பெயரும் மற்ற மூன்றுக்கு வேறொரு பெயரும் அப்பா எழுதியிருக்கிறார். ஆனால் ஆறு இடத்திலும் கையெழுத்து ஒன்றாகவே தெரிகிறது. தனக்கு அந்த எழுத்து வாசிக்கத் தெரியாது. உள்ளே வைத்திருக்கும் அட்டையில் திரு. வாமதேவன் தன் பெயரை அப்பாவுக்குப் போட்டதுபோல ஒருமுறை போட்டு அனுப்புவாரா?

வாமதேவனுக்கு மே மாதத்தில் இலேசான பாரிசவாதம் வந்திருந்தது. வலக்கை விரல்கள் பேனையைச் சரியாகப் பிடிக்கவில்லை. முதலில் பழைய கடிதாசிகளில் எழுதிப் பார்த்தார். பதினான்கு முறை.

"இஞ்சாருங்கோ, நான் போட்டுவிடட்டே? ஆருக்குத் தெரியப்போகுது?" என்று சந்திரவதனா கேட்டார், சிரித்துக்கொண்டுதான்.

"நீயும் பாஸ்கரன்ர கட்சியே?"

"சொன்னாப்போல. போடுங்கோ, போடுங்கோ."

அட்டையில் அவரே போட்டார். அ. வாமதேவன். 'ம' சற்றுக் கோணிப்போயிற்று. பந்தைப் பிடிக்கிற மாதிரி இரண்டு விரலுக்கு நடுவில் பேனையை வைத்து எழுதினார்.

கடைசிக் கடிதத்தில் ஒரு படம் இருந்தது. பலகை முன்பே எழுதி முடிந்துவிட்டதால் இருபத்திரண்டாம் பெயருக்குக் கீழே, சட்டத்தை ஒட்டிய இடத்தில், மற்றவற்றைவிடச் சிறிய எழுத்தில் ஒரு வரி: ஏ. வாமதேவன், 1956–57, 119. வாமதேவன் பூதக்கண்ணாடியால் பார்த்தார். ஒவ்வொரு எண்ணாக விரலை வைத்தார்.

"எழுத்துச் சின்னன். எண் சரி" என்றார். பிறகு உறையைத் திருப்பினார். கழகத்துச் செயலாளர் அதைத் திரு. அம்பலவாணருக்கு முகவரியிட்டிருந்தார். "அப்பருக்கும் ஒரு கடிதம் வந்திருக்கு" என்று சொல்லி உறையையும் பத்திரமாக வைத்துக்கொண்டார். கேடயம் அவர்கள் வீட்டுப் பின்கதவு காற்றில் அடிக்காமல் இருக்க முட்டுக் கொடுத்து நிற்கிறது.

ஒக்ரோபர் மாதம் இங்கே வருகிற ஒரு தமிழ்ப் பத்திரிகையில் பாஸ்கரனின் படத்தோடு செய்தி வந்தது. சங்கம் எழுதிய கடிதத்தின் பயனாக, 219 விக்கெற்றுகளை வீழ்த்திய எமது வீரரின் பெயர் இங்கிலாந்தில் பொன்னெழுத்தில் பொறிக்கப்பட்டதாம். நான் பத்திரிகைக்குத் திருத்தம் எழுதினேன். போடவில்லை. பாஸ்கரனைத் தொலைபேசியில் கூப்பிட்டுக் கேட்டேன்.

"அண்ணை, நல்லது நடந்துதானே. இதில என்ன கணக்குப் பாக்கிறது?" என்றார்.

அதனால்தான் இதை எழுதிவைக்கிறேன். சங்கத்தின் கடிதம் போனது 2007 பெப்ரவரி 20. அதனால் கிடைத்த மறுப்பு வந்தது மார்ச் 9. நாளும் தொகையும் போனது ஏப்ரல் 2. கையெழுத்து அட்டை போனது யூன் 18. கடைசிக் கடிதம் வந்தது 2007 செப்ரெம்பர் 18, செவ்வாய்க்கிழமை.